குத்தகை பாக்கி: ஊர் நிலத்துக்கு இங்கிருந்து என்ன செய்யலாம்

கிள்ளானில் உங்களுக்கு ஒரு கடைவீடு இருக்கிறது, வாடகைக்கு இருப்பவர் நான்கு மாதமாகப் பணம் தரவில்லை என்று வையுங்கள். அடுத்து செய்ய வேண்டியது உங்களுக்குத் தெரியும். வழக்கறிஞரிடம் போய் நோட்டீஸ் அனுப்புவீர்கள். 1951ஆம் ஆண்டு பறிமுதல் சட்டத்தின்படி, 12 மாத வாடகைப் பாக்கி வரைக்கும் கடையில் உள்ள பொருள்களைக் கைப்பற்ற நீதிமன்றத்தில் வாரண்ட் கேட்கலாம். ஒப்பந்தத்தை முடித்துக்கொண்டு, இடத்தைக் காலி செய்யும் உத்தரவும் வாங்கலாம். நீங்களாகப் போய்ப் பூட்டை மாற்றுவதற்கு மட்டும் இந்த நாட்டுச் சட்டம் இடம் தராது. நீதிமன்றம் போனால் இடம் திரும்பக் கிடைக்கும்.

மன்னார்குடிப் பக்கமோ பட்டுக்கோட்டைப் பக்கமோ தாத்தா விட்டுப்போன நன்செய் நிலத்தைப் பற்றியும் பலர் இதே கணக்கோடுதான் இருக்கிறார்கள். “மூணு வருசமா நெல்லும் வரல, காசும் வரல. ஆளை மாத்திடலாம்” என்று பிரிக்பீல்ட்ஸில் உட்கார்ந்து முடிவெடுத்து, ஊரில் இருக்கும் மச்சானுக்குப் போன் செய்கிறார்கள். மச்சான் டிராக்டரை இறக்குகிறார். அதிலிருந்து தொடங்கும் வழக்கு பத்து வருடம் ஓடினாலும் ஆச்சரியமில்லை. தமிழ்நாட்டில் விவசாயக் குத்தகை, கடை வாடகை மாதிரி ஒப்பந்தம் தீர்ந்தவுடன் தீர்வது இல்லை. இந்த அத்தியாயம் நிலம் வைத்திருப்பவருக்கு எழுதப்பட்டது. அப்பா ஊரில் குத்தகைக்கு உழுதுகொண்டிருக்க, இங்கே உணவகத்திலோ பட்டறையிலோ வேலை பார்க்கும் தம்பிகளுக்கும் இதில் ஒரு பகுதி இருக்கிறது.

பழைய தலைமுறைக்கு ஒரு நினைவு உதவும். 1948 ஜனவரி 31க்கு முன் கட்டிய கட்டடங்களுக்கு இங்கே 1966ஆம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் இருந்தது. வாடகை ஏறாது, குடியிருப்பவரை எளிதில் எழுப்பவும் முடியாது. 1997 செப்டம்பர் 1ஆம் தேதி அது ரத்தானது. தமிழ்நாட்டு விளைநிலத்தில் அந்த வகைப் பாதுகாப்பு இன்றைக்கும் உயிரோடு இருக்கிறது.

எந்தச் சட்டம்

1952இல் ராஜாஜி ஆட்சியில் தஞ்சாவூர்க் குத்தகைதாரர், பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது. காவிரிப் படுகையில் நிலம் பெரும் மிராசுகளிடம் குவிந்திருந்தது. உழுதவர்களை அறுவடைக்கு அறுவடை மாற்றினார்கள், எதிர்த்து நின்றவர்கள் மேல் அடிதடியும் நடந்தது. அதை அடக்க வந்த அவசரச் சட்டம் அது. 1955இல் காமராசர் ஆட்சிக் காலத்தில் அது மாநிலத்துக்கே விரிந்தது. அதுதான் தமிழ்நாடு பயிரிடும் குத்தகைதாரர் பாதுகாப்புச் சட்டம், 1955. உங்கள் கோப்பின் முதல் பக்கத்தில் எழுதிவைக்க வேண்டிய பெயர் இது. காரைக்கால் நிலமென்றால் புதுச்சேரியின் தனிச் சட்டம் பேசும். கோயில் நிலம், மடத்து நிலம் என்றால் 1961ஆம் ஆண்டின் பொது அறக்கட்டளை விவசாய நிலச் சட்டம். 2017இல் வந்த புதிய வாடகைச் சட்டத்தை யாராவது இணையத்தில் படித்துவிட்டுச் சொன்னால் கேட்காதீர்கள். அது வீட்டுக்கும் கடைக்கும் உரியது, வயலுக்கு அது பேசாது.

1955 சட்டத்தின் மூன்றாம் பிரிவு முதலில் ஒரு கதவை மூடுகிறது: பயிரிடும் குத்தகைதாரரை நிலச்சொந்தக்காரரின் விருப்பத்துக்கு வெளியேற்றக் கூடாது. பிறகு நான்கு சன்னல்களைத் திறக்கிறது. குத்தகை கட்ட வேண்டிய நாளிலிருந்து ஒரு மாதத்துக்குள் கட்டாதது. நிலத்துக்கோ பயிருக்கோ கேடு செய்தது. விவசாயம் அல்லாத வேறு காரியத்துக்கு நிலத்தைப் பயன்படுத்தியது. நிலம் உங்களுடையதே இல்லை என்று வேண்டுமென்றே மறுத்தது. இவற்றுக்கு வெளியே உள்ள காரணங்கள், மகளுக்குக் கல்யாணம், நல்ல விலைக்கு ஆள் வந்திருக்கிறது, அவர் மகன் மரியாதை இல்லாமல் பேசினான், எதுவும் செல்லாது. ஒப்பந்தப் பத்திரத்தில் எழுதிய ஆண்டு முடிந்துவிட்டது என்பதும் செல்லாது. ஒப்பந்தம் முடிந்த பிறகும் தொடர்ந்து சாகுபடி செய்பவரும் குத்தகைதாரர்தான் என்று சட்டமே சொல்கிறது.

உங்கள் நிலத்தில் இருப்பவர் யார்

நோட்டீஸுக்கு முன்னால் இந்தக் கேள்விக்கு விடை வேண்டும். பயிரிடும் குத்தகைதாரர் என்றால் தன் உடலுழைப்பையோ, தன் குடும்பத்தார் ஒருவரின் உடலுழைப்பையோ அந்த மண்ணில் போடுபவர். ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டியதில்லை. வாய்ப்பேச்சு போதும், நடத்தையிலிருந்து தெரிந்தாலும் போதும். நிலத்தை உங்களிடம் வாங்கி வேறொருவருக்கு விட்டு நடுவில் லாபம் பார்ப்பவர் வெறும் இடைத்தரகர், அவருக்கு இந்தப் பாதுகாப்பு இல்லை. குத்தகைதாரர் இறந்தால், வயலில் இறங்கி உழைக்கும் வாரிசுக்கே உரிமை போகும்.

இதை அங்கே உறுதிசெய்யும் காகிதங்கள் மூன்று. முதலாவது, தாசில்தார் அலுவலகத்தில் உள்ள குத்தகை உரிமைப் பதிவேடு. 1969ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் வைக்கப்படுவது. அதில் பெயர் ஏறியிருந்தால் “அவர் குத்தகைதாரரே இல்லை” என்ற வாதம் உங்களுக்குச் சுலபமாக நிற்காது. அதை மாற்ற வேண்டுமானால் தாசில்தாரிடமே மனு, அதன்மேல் கோட்டாட்சியரிடம் மேல்முறையீடு. இந்த விஷயத்தில் சிவில் கோர்ட் கை வைக்காது. இரண்டாவது, கிராம நிர்வாக அலுவலர் (வி.ஏ.ஓ.) எழுதும் அடங்கல். குறுவை, சம்பா என்று போகத்துக்குப் போகம் யார் என்ன பயிரிட்டார் என்று அதில் வரும். மூன்றாவதை யாரும் நினைப்பதில்லை: நேரடி நெல் கொள்முதல் நிலையத்தில் நெல் போட்ட விவரம். யார் பெயரில் மூட்டை ஏறியது, யார் வங்கிக் கணக்குக்குப் பணம் போனது என்பது சாகுபடி யாருடையது என்பதைக் காட்டிவிடும்.

பட்டா உங்கள் தாத்தா பெயரிலேயே கிடக்கிறதா என்பதையும் பாருங்கள். மலேசியாவில் பிறந்த மூன்றாம் தலைமுறை, பட்டா மாறாமல், வாரிசுச் சான்றிதழ் இல்லாமல், பங்காளிகள் ஐந்து பேர் கையெழுத்து இல்லாமல் குத்தகை வழக்குப் போட்டால் முதல் நாளே மாட்டிக்கொள்ளும். நிலத்தை வாரிசாகப் பெறுவதற்கு அந்நியச் செலாவணிச் சட்டம் தடையில்லை. புதிதாக விளைநிலம் வாங்கத்தான் வெளிநாட்டில் வசிப்பவருக்கு அனுமதி கிடையாது.

பாக்கி எவ்வளவு என்பதற்குச் சாட்சி

நான் பார்த்த வரைக்கும் சொந்தக்காரர்கள் தோற்பது பெரும்பாலும் இந்த இடத்தில். பாக்கி உண்மையாக இருக்கும், கையில் காகிதம் இருக்காது. அப்பா காலத்தில் வருடம் ஒரு தடவை ஊருக்குப் போனபோது கையில் வாங்கிய பணம், பெரியம்மா வீட்டில் இறக்கிய பத்து மூட்டை, கோயில் கும்பாபிஷேகத்துக்கு அவர் கொடுத்ததாகச் சொல்லும் ஐயாயிரம், எல்லாம் ஒரே குழப்பமாக வந்து நிற்கும். “நான் குடுத்தேன், ரசீது தரல” என்று குத்தகைதாரர் சொன்னால் விசாரணை அதிகாரி என்ன செய்வார்?

ஆகவே பாக்கி விழுவதற்கு முன்பே ரசீதுப் பழக்கத்தைத் தொடங்குங்கள். வழவழப்பான படிவம் தேவையில்லை. நோட்டுத்தாளில் இப்படி எழுதினால் போதும்:

“மன்னார்குடி வட்டம், இன்ன கிராமம், சர்வே எண் இன்னது, ஆறு மா நன்செய். பசலி 1434க்கு உரிய குத்தகை நெல் மூட்டை பதினைந்து. இன்று பெற்றது மூட்டை ஒன்பது. மூட்டை ஒன்றுக்கு ஒப்புக்கொண்ட விலை இவ்வளவு. நிற்கும் பாக்கி மூட்டை ஆறு. கொடுத்தவர் கையெழுத்து, வாங்கியவர் கையெழுத்து, தேதி.”

இதில் பசலியை விடாமல் எழுதுங்கள். ஜூலை 1 தொடங்கி ஜூன் 30 வரை ஒரு பசலி, 2024–25 என்பது பசலி 1434. வருவாய்த் துறைக் கணக்கு முழுக்க அந்த ஆண்டில்தான் ஓடுகிறது. எந்தப் பசலிக்குப் பாக்கி என்று சொல்லாத மனு முதலிலேயே சறுக்கும். ஆறு மா என்பது இரண்டு ஏக்கர், இருபது மா ஒரு வேலி. இங்கே வளர்ந்த பிள்ளைகளுக்கு இந்த அளவுகளைச் சொல்லிவையுங்கள், ஊர்ப் பேச்சில் ஏக்கரைவிட மாதான் அதிகம் வரும்.

பணமாக வாங்கினால் வங்கி வழியாக வாங்குங்கள். வெளிநாட்டில் வசிப்போருக்கான என்.ஆர்.ஓ. கணக்கு ஒன்று திறந்து, குத்தகைதாரரின் போனிலிருந்தே அனுப்பச் சொன்னால் தேதியும் தொகையும் தானாகப் பதிவாகிவிடும்.

குத்தகை எவ்வளவு என்பதற்கும் ஒரு வரம்பு இருக்கிறது. 1956ஆம் ஆண்டின் நியாயக் குத்தகைச் சட்டம் முதலில் நன்செய் விளைச்சலில் நூற்றுக்கு 40 வரை சொந்தக்காரருக்குக் கொடுத்தது. பிற்காலத் திருத்தத்தில் அது நூற்றுக்கு 25 ஆனது. இரண்டு ஏக்கரில் சாதாரணமாக அறுபது மூட்டை விளையும் என்றால் உங்கள் பங்கு பதினைந்து. நீங்கள் வாய்ப்பேச்சில் இருபத்தைந்து பேசி, அதில் பத்தைப் பாக்கி என்று மனுப் போட்டால், எதிர்த் தரப்பு நியாயக் குத்தகையை நிர்ணயிக்கச் சொல்லும். கணக்கு தலைகீழாகும். வெள்ளத்திலோ வறட்சியிலோ பயிர் போன ஆண்டில் குத்தகையைக் குறைக்கக் கோரவும் அச்சட்டம் வழி வைத்திருக்கிறது. மேட்டூர் அணை திறக்காத வருடத்துக்கும் முழுக் குத்தகை கேட்பவரை விசாரணை அதிகாரி எப்படிப் பார்ப்பார் என்று நீங்களே யோசியுங்கள்.

மனு போகும் வழி

முதலில் வழக்கறிஞர் வழியாக ஒப்புகை அட்டையோடு பதிவுத் தபாலில் நோட்டீஸ். பசலி வாரியாகப் பாக்கி, கட்ட வேண்டிய நாள், எங்கே எப்படிக் கட்டலாம் என்பதெல்லாம் அதில் தெளிவாக இருக்கட்டும். மிரட்டல் மொழி வேண்டாம். அந்த நோட்டீஸ் பின்னால் ஆவணமாக நிற்கும்.

பிறகு மனு. சட்டம் கோட்டாட்சியர் என்று சொன்னாலும், காவிரிப் படுகையிலும் வேறு சில இடங்களிலும் இதற்கென்றே வருவாய் நீதிமன்றங்கள் இருக்கின்றன. தனித்துணை ஆட்சியர் அதில் அமர்வார். தஞ்சாவூர், மன்னார்குடி, மயிலாடுதுறை, திருச்சி என்று நிலம் இருக்கும் இடத்தைப் பொறுத்து மாறும். அவர் இரு தரப்பையும் கேட்டுச் சுருக்க விசாரணை செய்வார்.

பாக்கி உண்மை என்று முடிவானாலும் உடனே வெளியேற்ற உத்தரவு வந்துவிடாது. சொந்தக்காரரின் நிலைமையையும் குத்தகைதாரரின் நிலைமையையும் ஒப்பிட்டுப் பார்த்து, பாக்கியைச் செலவுத் தொகையோடு கட்ட நியாயமான அவகாசம் கொடுக்க அதிகாரிக்கு அதிகாரம் உண்டு. அந்த அவகாசத்துக்குள் கட்டிவிட்டால், காலத்தில் கட்டியதாகவே கருதப்படும், குத்தகை தொடரும். கட்டாவிட்டால்தான் வெளியேற்ற உத்தரவு. அதன்மேல் உயர் நீதிமன்றத்தில் சீராய்வு மனு உண்டு. தஞ்சாவூர், திருச்சி, புதுக்கோட்டை, சிவகங்கை மாவட்டங்களுக்கு மதுரைக் கிளை, திருவாரூர், நாகப்பட்டினம் பக்கத்துக்குச் சென்னை.

சொந்தக்காரர்கள் இதைக் கேட்டுக் கோபப்படுவார்கள். கோபம் எனக்குப் புரிகிறது, ஆனால் இந்த அவகாசம் சரியானது என்றுதான் நினைக்கிறேன். இரண்டு ஏக்கர் இல்லாமல் போனால் கோலாலம்பூரில் இருக்கும் குடும்பத்தின் அடுப்பு அணையாது. அங்கே இருப்பவருக்கு அது ஒன்றுதான் பிழைப்பு. உங்களுக்கு வேண்டியது பணம் என்றால் இந்த வழியில் அது வந்து சேரும், அதுவும் செலவோடு. நிலமே வேண்டும் என்றால், பாக்கியை ஒரு சாக்காக வைத்து அதை எடுக்க நினைப்பது நீண்ட பாதை. சொந்தச் சாகுபடிக்காக நிலத்தில் பாதி வரை திரும்பக் கேட்கும் பிரிவு ஒன்று சட்டத்தில் இருக்கிறது. அதற்கு நிபந்தனைகள் பல, இங்கே வசிப்பவர் சொந்தமாகச் சாகுபடி செய்வதாகக் காட்டுவதும் கடினம்.

முன்பு அரசே நிவாரணச் சட்டம் போட்டுப் பாக்கியைத் துடைத்ததும் உண்டு. 1972இல் வந்த சட்டத்தின்படி நடப்பு ஆண்டுக் குத்தகையைக் கட்டியவர்களுக்குப் பழைய பாக்கி தீர்ந்தது. அப்பா காலத்துப் பாக்கிக் கணக்கு நோட்டை எடுத்துக்கொண்டு இன்றைக்குப் போவதில் பொருளில்லை. குத்தகைப் பாக்கிக்குக் காலவரம்பு மூன்று ஆண்டு. எழுத்தில் கேட்டால் மட்டும் போதாது, அதற்குள் வழக்குப் போட்டுவிடுங்கள்.

பவர் கொடுப்பது

ஒவ்வொரு வாய்தாவுக்கும் விமானம் ஏற முடியாது. பொது அதிகாரப் பத்திரம் ஒன்றை எழுதி, கோலாலம்பூரில் உள்ள இந்தியத் தூதரகத்தில் சான்று பெற்று அனுப்புங்கள். அது இந்தியாவுக்குப் போய்ச் சேர்ந்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை கட்டப்பட வேண்டும். மாவட்டப் பதிவாளர் அலுவலகத்தில் அந்த வேலை நடக்கும். கூரியரில் அனுப்பிவிட்டு ஆறு மாதம் அலமாரியில் வைத்திருந்தால் சிக்கல்.

பத்திரத்தில் என்ன எழுதுகிறீர்கள் என்பதில் கவனம் தேவை. குத்தகை வசூலிக்க, ரசீது கொடுக்க, நோட்டீஸ் அனுப்ப, வருவாய் நீதிமன்றத்தில் மனுச் செய்ய என்று வேலையைப் பெயர் சொல்லி எழுதுங்கள். நிலத்தை விற்கும் அதிகாரத்தைக் கேட்காமலேயே சேர்த்துத் தட்டச்சுச் செய்து வைப்பார்கள். அந்த வரியை அடியுங்கள். அண்ணன் தம்பியே ஆனாலும் அடியுங்கள்.

பவர் வாங்கியவர் உங்களுக்காக மனுவில் கையெழுத்துப் போடலாம், ஆஜராகலாம். உங்களுக்கு மட்டுமே நேரடியாகத் தெரிந்த விஷயத்தை அவர் உங்களுக்குப் பதிலாகச் சாட்சி சொல்ல முடியாது என்று இந்திய உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் தெளிவாக்கியிருக்கிறது. எனவே குத்தகையை யார் கையால் வாங்கினார்களோ அவருக்கே பவர் கொடுப்பது நல்லது. பெரியப்பா மகன் வாங்கினார், பவர் சித்தி மகனிடம் இருக்கிறது என்றால் சாட்சிக் கூண்டில் இருவருமே திணறுவார்கள்.

உங்கள் அப்பா குத்தகைதாரர் என்றால்

இங்கே வேலைக்கு வந்த தம்பிகளுக்குச் சொல்வது: ஊரில் நோட்டீஸ் வந்ததாக அப்பா போனில் சொன்னால், “விடுங்கப்பா, பாத்துக்கலாம்” என்று சொல்லாதீர்கள். விசாரணைக்குப் போகாமல் இருந்தால் ஒருதலைப்பட்சமாக உத்தரவு வந்துவிடும். நோட்டீஸைப் படம் எடுத்து அனுப்பச் சொல்லுங்கள், எந்தப் பசலி, எத்தனை மூட்டை என்று பாருங்கள்.

சொந்தக்காரர் குத்தகையை வாங்க மறுத்தாலோ, யாரிடம் கொடுப்பது என்று பங்காளிகளுக்குள் தகராறு இருந்தாலோ, பாக்கி விழுந்துவிடும் என்று பயந்து உட்கார வேண்டாம். கட்ட வேண்டிய நாளிலிருந்து ஒரு மாதத்துக்குள், நெல்லாக இருந்தால் அன்றைய சந்தை மதிப்பைப் பணமாக, சொந்தக்காரர் கணக்கில் வருவாய் நீதிமன்றத்தில் டெபாசிட் செய்யலாம். தொகை போதாது என்று முடிவானால் மீதியைக் கட்ட அவகாசம் தருவார்கள். நீங்கள் மாதா மாதம் அனுப்பும் ரிங்கிட்டில் இதற்கென ஒரு பகுதியைத் தனியாக வைக்கச் சொல்லுங்கள். சம்பா அறுவடை தை, மாசியில் முடியும்போது கடன்காரர்கள் களத்துக்கே வருவார்கள், குத்தகைதான் முதலில் தள்ளிப்போகும்.

உத்தரவு இல்லாமல் ஆள் வைத்து வெளியேற்றினால், நிலத்தைத் திரும்பப் பெற மனுச் செய்யலாம். அந்தக் காலக்கெடு குறுகியது, ஊர்ப் பஞ்சாயத்து முடியட்டும் என்று காத்திருக்க நேரமில்லை. குத்தகை உரிமைப் பதிவேட்டில் அப்பா பெயர் இல்லை என்றால் வழக்கு வருமுன்பே தாசில்தாரிடம் மனுக் கொடுத்து ஏற்றுங்கள். அப்பா காலமானால் அந்த உரிமை வயலில் உழைக்கும் அண்ணனுக்கோ அம்மாவுக்கோ போகும். இங்கே இருக்கும் உங்களுக்கு அது தானாக வராது.

குடியிருக்கும் மனையும் சொந்தக்காரர் நிலத்தில் இருந்தால் அது வேறு கணக்கு. 1971ஆம் ஆண்டின் குடியிருப்பு உரிமைச் சட்டம், அந்த ஆண்டு ஜூன் 19 அன்று அப்படி வசித்த விவசாயிகளுக்கும் விவசாயத் தொழிலாளர்களுக்கும் மனையைச் சொந்தமாக்கியது. வயல் வழக்கைக் காட்டி வீட்டைக் காலி செய்யச் சொன்னால் இதைச் சொல்லுங்கள்.

பேசித் தீர்ப்பது

நிலத்தை விற்றால் குத்தகை முடிந்துவிடும் என்று நினைக்காதீர்கள். வாங்குபவர் குத்தகைதாரரோடு சேர்த்துத்தான் வாங்குகிறார், விலையும் அதற்கேற்பக் குறையும். அதனால் காவிரிப் படுகையில் நடப்பது என்னவென்றால், சொந்தக்காரரும் குத்தகைதாரரும் உட்கார்ந்து பேசி, நிலத்தில் ஒரு பங்கையோ விலையில் ஒரு பங்கையோ அவருக்கு எழுதிக் கொடுத்து உரிமையை விட்டுக்கொடுக்கச் செய்வது. முடிந்தால் அவருக்கே விற்றுவிடுங்கள். நாற்பது வருடம் அந்த மண்ணில் நின்றவர் வாங்கினால் பத்திரச் செலவோடு எல்லாம் முடிந்துவிடும், பாக்கியையும் விலையில் கழித்துக்கொள்ளலாம்.

எந்த வழியில் முடித்தாலும் விட்டுக்கொடுப்பை எழுத்தில் வாங்கிச் சார்பதிவாளரிடம் பதிவு செய்யுங்கள். கூட உழைத்த மனைவி, மகன் ஆகியோரின் கையெழுத்தையும் சேர்த்து வாங்குங்கள். பேசிய பணத்தை வங்கி வழியாகவே கொடுங்கள். பிறகு அந்தப் பத்திரத்தின் நகலோடு தாசில்தாரிடம் மனுக் கொடுத்து, குத்தகை உரிமைப் பதிவேட்டிலிருந்து பெயர் நீக்கப்பட்ட உத்தரவை வாங்கும்வரை ஊரில் இருக்கும் ஆளை வீட்டுக்கு அனுப்பாதீர்கள்.